கலைவாணரோடு மதுரத்தையும் காக்க வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன், டி.ஏ.மதுரம் என்ற கணவன் மனைவி நகைச்சுவை இணையின் கலைச்செல்வத்தைப் பேணுவது குறித்து, அந்தக் குடும்பத்தின் வழிவந்தவர்களும் அரசும் நூலகங்களும் தங்களைப் போன்ற நாளிதழ்களும் சேர்ந்து செய்யவேண்டிய ஒரு வேலை நெடுநாளாக நிலுவையில் கிடக்கிறது என்று கருதுவதால் இக்கடிதத்தை எழுதுகிறேன். புகழ்பெற்ற கலைஞர் ஒருவர் மறைந்தபின் அவர் நினைவைக் காக்கும் பொறுப்பு முதலில் உறவினர் தோளில்தான் விழுகிறது. அந்தக் கலைஞர் தனியாளாக இல்லாமல் இணையாக இயங்கியவர் என்றால் பொறுப்பு இரட்டிப்பாகிறது. ஆனால் நடைமுறையில் இருவரில் ஒருவர் பெயர் ஓங்கி நிற்க, மற்றவர் பெயர் ஆண்டுக்கு ஆண்டு மங்கிப்போவதையே காண்கிறோம்.

சென்னை வாலாஜா சாலையில் கலைவாணர் அரங்கம் இருக்கிறது. பழைய கட்டடம் இடிக்கப்பட்டு, புதிய அரங்கம் 2016-இல் திறக்கப்பட்டது. பெருந்தொற்றுக் காலத்தில் சட்டப்பேரவையே அங்குதான் கூடியது. தியாகராய நகரில் கலைவாணர் சிலை இருக்கிறது. 1969 ஜனவரி 14 அன்று, தம் இறுதி நாட்களில், முதலமைச்சர் அண்ணா நோயுற்ற உடலோடு வந்து அதைத் திறந்து வைத்தார். இவை நியாயமான சிறப்புகள், இவற்றை யாரும் குறைத்துப் பேச முடியாது. ஆனாலும் அரங்கமும் சிலையும் ஒருவருக்கே உரியவை. இணையத்தில் இன்று உலவும் பழைய நகைச்சுவைக் காட்சித் துண்டுகளிலும் 'கலைவாணர் காமெடி' என்றே பெரும்பாலும் தலைப்பிடுகிறார்கள். திரையில் பாதி நேரம் பேசிக்கொண்டிருக்கும் அம்மையாரின் பெயரைத் தலைப்பில் தேடவேண்டியிருக்கிறது.

மதுரம் துணை நடிகை அல்லர். 1949-இல் வெளிவந்த 'நல்லதம்பி' படத்தில், விஞ்ஞானத்தை வளர்க்கப்போவதாக இருவரும் பாடும் பாட்டைக் கேட்டவர்கள் இதை உடனே ஒப்புக்கொள்வார்கள். கிருஷ்ணன் பெரிய பெரிய திட்டங்களாக அடுக்கிக்கொண்டு போகிறார். மதுரமோ பொத்தானைத் தட்டினால் இட்லியும் காப்பியும் பக்கத்தில் வந்து நிற்கவேண்டும் என்று கேட்கிறார். ஆணின் வீறாப்பான பேச்சை அடுப்படியில் நிற்கும் பெண்ணின் தேவையோடு மோதவிட்டு, அந்த மோதலில் சிரிப்பை எழுப்புவது மதுரத்தின் குரல்தான். அவர் அந்த இடத்தில் ஒரு மாத்திரை பிந்தினாலும் சிரிப்பு வராது. இருவரும் தம் சொந்தக் குரலிலேயே பாடியவர்கள் என்பதால் பேச்சும் பாட்டும் ஒன்றிலிருந்து ஒன்றாக நழுவி வருகின்றன. அதே படத்தின் கிந்தனார் காலட்சேபத்தில் கலைவாணர் தனித்து ஒளிர்கிறார் என்பது உண்மை. ஒடுக்கப்பட்ட குலத்துச் சிறுவன் ரயிலேறிப் பட்டணம் போய்ப் படித்து உயரும் கதையை, நந்தனார் சரித்திரத்தின் சாயலிலேயே பாடிக் காட்டிய துணிவு அவருடையது. ஆனால் மேடையிலும் திரையிலும் அவர் எழுப்பிய கேள்விகளில் பெரும்பாலானவற்றுக்கு எதிரே நின்று பதில் சொன்னவரும், மடக்கியவரும், பலமுறை வென்றவரும் மதுரம்தான்.

இவர்களின் பெயரைக் காத்த முதல் உறவினர் யார் என்று கேட்டால், அதற்கும் மதுரம் என்றே சொல்லவேண்டும். 1936-இல் 'வசந்தசேனா' படப்பிடிப்புக்காகப் புணே சென்றபோது தொடங்கியது இவர்களின் கூட்டு. 1944-இல் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் எம்.கே.தியாகராஜ பாகவதரோடு கிருஷ்ணனும் கைதானார். தண்டனை விதிக்கப்பட்டுச் சிறையில் இருந்தார். மேல்முறையீடு, அன்றைய உச்ச மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்று திரும்பி, 1947-இல்தான் விடுதலை கிடைத்தது. இந்த இடைப்பட்ட காலத்தில் எஸ்.வி.சகஸ்ரநாமம் போன்றோரின் துணையோடு நாடகக் குழுவைக் கலையவிடாமல் நடத்தி, 'பைத்தியக்காரன்' படம் வரை கொண்டு வந்து சேர்த்ததில் மதுரத்துக்குப் பெரும் பங்கு உண்டு. வழக்குச் செலவு ஒருபுறம், குழுவில் இருந்தவர்களின் வயிற்றுப்பாடு மறுபுறம் என்றிருந்த அந்த நாட்களில் குழு கலைந்திருந்தால், வெளியே வந்த கலைவாணர் திரும்பி வருவதற்கு ஓர் இடம் இருந்திருக்காது. நாகர்கோவில் ஒழுகினசேரியில் தாம் கட்டிய வீட்டுக்கு அவர் 'மதுர பவனம்' என்று பெயரிட்டதை, கணவன் மனைவி அன்புக்கு மட்டுமான சான்றாக நான் எண்ணவில்லை. கலைத்தொழிலில் தம் பங்காளி யார் என்பதை அவர் வாசலிலேயே எழுதி வைத்தார்.

இந்த இடத்தில் கடல் கடந்த ஓர் இணையைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல விரும்புகிறேன், ஏனென்றால் உறவினர் ஒருவர் இருப்பதும் இல்லாததும் கலைஞரின் நினைவை எப்படி மாற்றிவிடும் என்பதை அவர்கள் கதை தெளிவாகக் காட்டுகிறது. நம் வீட்டுக் குழந்தைகளும் பார்த்துச் சிரித்த லாரல், ஹார்டி இணையைத்தான் சொல்கிறேன். ஒல்லியான ஸ்டான் லாரல் 1890-இல் இங்கிலாந்தின் அல்வர்ஸ்டன் என்ற ஊரில் பிறந்தவர். பருத்த ஆலிவர் ஹார்டி 1892-இல் அமெரிக்காவின் ஜார்ஜியா மாநிலத்து ஹார்லெம் ஊரில் பிறந்தவர். ஹார்டி இறந்தது 1957 ஆகஸ்ட் 7 அன்று. அதற்கு 23 நாள் கழித்து, அதே ஆகஸ்ட் 30 அன்று, நம் கலைவாணர் மறைந்தார். அங்கே லாரலும் இங்கே மதுரமும் எஞ்சினார்கள். லாரல் 1965 வரையும் மதுரம் 1974 வரையும் வாழ்ந்தார்கள்.

நண்பர் போனபின் லாரல் மறுபடி நடிக்கவில்லை. ஆனால் சான்டா மோனிகாவில் ஒரு சிறு குடியிருப்பில் இருந்துகொண்டு, தம் தொலைபேசி எண்ணை எல்லாரும் பார்க்கும் எண்கோவையிலேயே விட்டு வைத்து, யார் அழைத்தாலும் பேசினார். யார் கடிதம் எழுதினாலும் தட்டச்சில் பதில் எழுதினார். அப்படி அவர் எழுதியவற்றில் ஆயிரத்துக்கும் மேற்பட்டவை பிற்காலத்தில் பலரிடமிருந்து திரட்டப்பட்டு, இன்று யார் வேண்டுமானாலும் படிக்கும்படி தொகுக்கப்பட்டிருக்கின்றன. ஒரு நகைச்சுவைக் காட்சி எப்படிக் கட்டப்பட்டது, எந்தப் படத்தில் யார் உடன் நடித்தார், ஹார்டி எப்படிப்பட்ட மனிதர் என்பவற்றை எல்லாம் ஆய்வாளர்கள் அந்தக் கடிதங்களிலிருந்து அறிகிறார்கள். அவர் இறந்த ஆண்டிலேயே நண்பர்கள் தொடங்கிய ரசிகர் அமைப்பு இன்று பல நாடுகளில் கிளை பரப்பியிருக்கிறது. அதன் விதிமுறைகளைத் தம் வாழ்நாளிலேயே பார்த்துத் திருத்தம் சொன்னவரும் லாரல்தான்.

அவர் மகள் லோயிஸ் 2017-இல் இறக்கும்வரை இந்தப் பணியின் நடுவில் இருந்தார். ரசிகர் கூடல்களுக்குச் சென்றார், நேர்காணல்கள் கொடுத்தார், தந்தையைப் பற்றி ஆய்வாளர்கள் கேட்டவற்றுக்கு வீட்டுக்குள்ளிருந்து பதில் சொன்னார். தந்தையின் படங்கள் எதுவும் அவருக்குச் சொந்தமில்லை என்பதை இங்கே கவனிக்கவேண்டும். லாரலும் ஹார்டியும் ஹால் ரோச் நிறுவனத்தில் சம்பளத்துக்கு நடித்தவர்கள். இருவரின் ஒப்பந்தங்களும் வெவ்வேறு தேதிகளில் முடியும்படி நிறுவனம் பார்த்துக்கொண்டதால், இருவரும் சேர்ந்து நின்று பேரம் பேசக்கூட முடியவில்லை. பின்னாளில் தொலைக்காட்சியில் அந்தப் படங்கள் ஓயாமல் ஓடியபோதும் அவர்களுக்கு அதில் பங்கு வரவில்லை. இருவரின் மனைவியரும் வழக்குத் தொடுத்து, படங்களின் உரிமை நிறுவனத்துக்கே என்றாலும் இவ்விருவரின் பெயரையும் உருவத்தையும் வணிகத்துக்குப் பயன்படுத்தும் உரிமை அதற்குள் அடங்காது என்ற தீர்ப்பை 1975-இல் நியூயார்க் நீதிமன்றத்தில் பெற்றார்கள். குடும்பம் எழுந்து கேட்டிராவிட்டால் அந்தக் கேள்வியே நீதிமன்றத்துக்குப் போயிருக்காது.

இதில் என்னை உறுத்தும் ஒரு செய்தியும் உண்டு. ஹார்டிக்குப் பிள்ளைகள் இல்லை. அவர் கடிதங்கள் எழுதிக் குவிக்கும் பழக்கம் உள்ளவரும் அல்லர். ஆகவே இன்று அந்த இணையைப் பற்றி எழுதப்படுவதில் பெரும்பகுதி லாரலின் தாள்களிலிருந்தும் லாரலின் நினைவிலிருந்தும் வருகிறது. நகைச்சுவைக் காட்சிகளைக் கட்டியமைப்பதில் லாரலின் உழைப்பு கூடுதல் என்பது உண்மையே. என்றாலும் கேமராவை நேராகப் பார்த்து, பொறுமை இழந்த முகத்தோடு நம்மிடம் நியாயம் கேட்கும் ஹார்டியின் அந்தப் பார்வை இல்லாமல் லாரலின் எந்தக் கற்பனையும் திரையில் நின்றிருக்காது. தாள் யாரிடம் மிஞ்சுகிறதோ அவர் பக்கமே வரலாறு சாய்கிறது. மதுரத்துக்கு நேர்ந்திருப்பதும் இதுதான் என்று நினைக்கிறேன்.

நம் நாட்டுச் சட்டத்தின் நிலையும் நடிகர்களின் குடும்பத்தாருக்குச் சாதகமாக இல்லை. 1957-ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டப்படி திரைப்படம் தயாரிப்பாளருக்கு உரியது. படம் வெளியானதிலிருந்து 60 ஆண்டு அந்த உரிமை நிற்கும். நடிப்பவருக்கும் பாடுபவருக்கும் ஒரு தனி உரிமை உண்டு என்பதையே நம் சட்டம் 1994-இல்தான் ஏற்றது. 1949-இல் வந்த படங்கள் 2010 தொடக்கத்திலேயே பொதுவுடைமை ஆகிவிட்டன. கலைவாணர் தம் கைப்பட எழுதி, வாழ்நாளிலேயே வெளியிட்டவற்றின் உரிமையும் அவர் இறந்து 60 ஆண்டு முடிந்து, 2018 தொடக்கத்தில் விலகிவிட்டது. எனவே இன்று யார் வேண்டுமானாலும் அந்தப் படங்களை வெட்டலாம், ஒட்டலாம், வண்ணம் தீட்டலாம், பெயரில்லாமல் வெளியிடலாம். வழிவந்தவர்கள் கேள்வி கேட்கப் பெரிதாக இடமில்லை. சட்டத்தைக் குறைகூற நான் இதை எழுதவில்லை. உரிமைக் காலம் முடிவதால்தான் பழைய படங்கள் எளியவர் கைக்கும் வந்து சேர்கின்றன. ஆனால் சட்டம் தராத அதிகாரத்தை ஒரு குடும்பம் வேறு வகையில் பெறமுடியும். வேறு யாரிடமும் இல்லாத தாள்களும் படங்களும் நினைவுகளும் அவர்களிடம் இருக்கின்றன அல்லவா?

நாடகக் குழுவின் கணக்குப் புத்தகம், வசனம் எழுதிய நோட்டு, ஊர் ஊராகச் சென்றபோது ஒட்டிய விளம்பரத் தாள், ஒப்பந்தக் கடிதம், வாழ்த்துமடல், குடும்பப் புகைப்படம் என்று ஒரு நாடகக் கலைஞரின் வீட்டில் சாதாரணமாகக் கிடக்கக்கூடியவை எல்லாம் வரலாற்றுக்கு வேண்டியவையே. இவற்றைக் காப்பதற்குப் பெரும் பணம் வேண்டியதில்லை. ஆனால் காலம் தாழ்த்தக்கூடாது. பழைய புகைப்படங்களுக்கு நேரும் பெரிய கேடு கரையான் அல்ல, பெயர் தெரியாமல் போவதுதான். ஐந்து பேர் நிற்கும் படத்தில் இரண்டாவதாக நிற்பவர் யார் என்று சொல்லத் தெரிந்த கடைசி மூத்தவர் போய்விட்டால், அந்தப் படம் நல்ல நிலையில் இருந்தும் பாதி ஊமையாகிவிடுகிறது. ஆகவே வீட்டில் மூத்தவர்களை உட்கார வைத்து, ஒவ்வொரு படத்தையும் காட்டி, அவர்கள் சொல்வதைக் கைப்பேசியில் பதிவுசெய்து, படத்தின் பின்புறத்தில் பென்சிலால் மெல்ல எழுதி வைப்பதே முதல் வேலை. பேனா மை ஊறி முன்பக்கத்துக்கு வந்துவிடும் என்பதால் பென்சிலையே பயன்படுத்தவேண்டும். ஒட்டுநாடாவும் பிளாஸ்டிக் உறையிட்ட ஆல்பமும் காலப்போக்கில் படத்தையே கெடுத்துவிடும்.

படச்சுருள் ஏதேனும் யார் வீட்டிலாவது இருக்குமானால் கூடுதல் கவனம் தேவை. 1950-களின் தொடக்கம் வரை உலகெங்கும் பயன்பட்டது நைட்ரேட் படச்சுருள். எளிதில் தீப்பற்றக்கூடியது, பிசுபிசுத்துப் பொடியாகக்கூடியது. அதன்பின் வந்த அசிடேட் சுருள் எளிதில் தீப்பற்றாது, ஆனால் வெக்கையிலும் ஈரக்காற்றிலும் கெட்டு, டப்பாவைத் திறந்தவுடன் காடி (வினிகர்) வாடை மூக்கைத் துளைக்கும். அப்படிப்பட்ட டப்பாவைப் பயனற்றது என்று தூக்கிப்போடுவதற்கு முன் தகுந்தவர்களிடம் காட்டவேண்டும். லாரலும் ஹார்டியும் நடித்து 1927-இல் வந்த ஒரு படத்தில், ஒரு தெருவே ஒருவர்மீது ஒருவர் தின்பண்டத்தை வீசிக்கொள்ளும் புகழ்பெற்ற காட்சி அடங்கிய சுருள், பல பத்தாண்டுகளாகச் சில துண்டுகளைத் தவிரக் காணாமல் போயிருந்தது. 2015-இல் ஒரு சேகரிப்பாளரிடம் இருந்த சுருள்களுக்கிடையே அது அகப்பட்டது. நம் முதல் பேசும்படமான 'காளிதாஸ்' உட்பட எத்தனையோ படங்களை இழந்துவிட்ட நமக்கு, ஒவ்வொரு டப்பாவும் திறந்து பார்க்கத் தகுந்ததே.

வீட்டில் இருப்பதை வெளியே கொடுத்தால் திரும்பி வருமா என்ற அச்சம் குடும்பத்தாருக்கு இயல்பானது. அதைக் குறை சொல்ல முடியாது. ஆய்வுக்கு என்று வாங்கிச் சென்ற படமும் நோட்டும் திரும்பாத கதைகளைக் கலைக்குடும்பங்களில் அடிக்கடி கேட்கிறோம். ஆனால் கைக்கு எட்டும் தூரத்திலேயே நல்ல முன்மாதிரி ஒன்று இருக்கிறது. செட்டிநாட்டுக் கோட்டையூரில் ரோஜா முத்தையா என்ற தனிமனிதர் வாழ்நாளெல்லாம் திரட்டிய புத்தகங்களும் இதழ்களும் அவர் மறைவுக்குப்பின் சிதறாமல், சிகாகோ பல்கலைக்கழகத்தின் முயற்சியால் முழுமையாக வாங்கப்பட்டு, 1994-இல் சென்னையில் ஆய்வு நூலகமாக உருவெடுத்தன. திரையரங்க வாசலில் சில்லறைக்கு விற்ற சினிமாப் பாட்டுப் புத்தகங்கள்கூட அங்கே பேணப்படுகின்றன. மலிவான தாளில் அச்சான அந்தச் சிறு புத்தகங்களில் கதைச்சுருக்கமும் நடிகர் பட்டியலும் பாட்டும் இருக்கும். படமே அழிந்துபோன இடத்தில் அதில் யார் நடித்தார் என்பதற்கு இன்று அதுவே சான்று. மூலத்தை மின்னுருவாக்கிக்கொண்டு குடும்பத்திடமே திருப்பித் தருவது, யார் கொடுத்தது என்று பதிந்து வைப்பது, எதை இப்போது வெளியிடலாம், எதைச் சில ஆண்டு கழித்து வெளியிடலாம் என்று எழுத்தில் உடன்பாடு செய்துகொள்வது ஆகியவற்றை நூலகங்கள் முன்வந்து உறுதிசெய்தால் அந்த அச்சம் தானாகக் குறையும். புணேயில் 1964-இல் தொடங்கப்பட்ட தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகமும் படச்சுருள்களைப் பொறுத்தவரை இதற்கு உரிய இடமே.

குடும்பத்தாரிடம் ஒன்றை மட்டும் உரிமையோடு கேட்டுக்கொள்கிறேன். நினைவைக் காப்பவர்கள் பல நேரங்களில் அதைத் துடைத்து மெருகிட்டுவிடுகிறார்கள். சிறைவாசம், கடன், குழுவுக்குள் வந்த மனத்தாங்கல் இவற்றை எல்லாம் மறைத்து, கொடைவள்ளல் என்ற ஒரே முகத்தை மட்டும் காட்டத் தோன்றும். கலைவாணர் அள்ளிக் கொடுத்தவர் என்பதை நாடறியும். அப்படிக் கொடுத்த கைக்குப் பின்னால் வீட்டு வரவுசெலவை யார் சமாளித்தார், பட வாய்ப்பு குறைந்தபோது என்ன செய்தார்கள், மதுரம் எந்தக் காட்சிக்கு எந்த வசனத்தை மாற்றச் சொன்னார், எதை மறுத்தார் என்பவற்றையும் தெரிந்தவர்கள் சொல்லவேண்டும். அவை குறைகளாகவே இருந்தாலும் அவர்களைச் சிறுமைப்படுத்தா. உழைத்தவர்களின் உழைப்பு அப்போதுதான் விளங்கும். கலைவாணரின் பேத்தி ஒருவர் பாடகியாகத் தம் பெயரோடு 'என்.எஸ்.கே.' என்ற மூன்றெழுத்தைச் சேர்த்துக்கொண்டு மேடையேறுவதைக் காணும்போது, அந்தக் குடும்பத்தில் நினைவு உயிரோடு இருக்கிறது என்ற நம்பிக்கை வருகிறது. அந்த நினைவுக்குத் துணையாகப் பொதுச்சமூகம் நிற்கவேண்டும் என்பதே என் கோரிக்கை. பாரம் முழுவதையும் ஒரு குடும்பத்தின் தலையில் ஏற்றிவிட்டு ஆண்டுக்கொருமுறை மாலை போடுவது முறையாகாது.

அல்வர்ஸ்டனில் உள்ள லாரல், ஹார்டி அருங்காட்சியகத்தை 1983-இல் தொடங்கியவர் அவர்களின் உறவினரே அல்லர். அவ்வூரைச் சேர்ந்த ஒரு ரசிகர். அவருக்குப்பின் அவர் மகளும் பேரனும் அதை நடத்தி, 2009-இல் பழைய திரையரங்கக் கட்டடம் ஒன்றுக்கு மாற்றினார்கள். ஹார்டியின் ஊரான ஹார்லெமிலும் ஓர் அருங்காட்சியகம் இருக்கிறது. இணையில் ஒருவருக்கு ஓர் ஊர், மற்றவருக்கு மற்றோர் ஊர், ஆனால் இரண்டு இடத்திலும் இருவருமே இருக்கிறார்கள். கலைவாணர் நாகர்கோவில்காரர், மதுரம் திருச்சிராப்பள்ளிக்காரர். இந்த இரு ஊர்களிலும் இருவரின் படங்களையும் பாட்டுப் புத்தகங்களையும் குரல் பதிவுகளையும் பொதுமக்கள் வந்து பார்க்கவும் கேட்கவும் ஓர் அறையாவது அமையவேண்டும். சென்னை கலைவாணர் அரங்கத்தின் முகப்பில் இருவரின் கூட்டுழைப்பைச் சொல்லும் நிலையான காட்சி ஒன்றை அரசு வைக்கலாம். அரங்கத்தின் பெயரை மாற்றவேண்டியதில்லை, உள்ளே ஒரு சிற்றரங்குக்கு மதுரத்தின் பெயரைச் சூட்டினாலே போதும்.

தங்கள் நாளிதழிடமும் ஒரு வேண்டுகோள் உண்டு. கலைவாணர் நினைவு நாளன்று அவர் படத்தோடு கட்டுரை வெளியிடும்போது, மதுரம் உடன் நிற்கும் படங்களில் அவர் பெயரையும் தவறாமல் குறிப்பிடுங்கள். தமிழ்ப் பத்திரிகை அலுவலகங்களின் பழைய படப்பெட்டிகளிலும் கட்டப்பட்ட பழைய இதழ்த் தொகுதிகளிலும் இவர்களைப் பற்றிய செய்திகள், நாடக விளம்பரங்கள், படங்கள் எத்தனையோ இருக்கக்கூடும். தங்களிடம் இருப்பவற்றை எடுத்துத் தேதியிட்டு வாரம் ஒன்றாக வெளியிட்டு, படத்தில் இருப்பவர்களை அடையாளம் காட்டும்படி வாசகர்களைக் கேளுங்கள். அந்தக் காலத்து நாடகங்களைச் சிறுவயதில் பார்த்த முதியவர்கள் நம்மிடையே இன்னும் சிலர் இருக்கிறார்கள். வருகிற பதில்களைத் தொகுத்து ஒரு நூலகத்தில் சேர்ப்பிக்கும் பொறுப்பையும் தாங்கள் ஏற்றால் நன்றியுடையவனாக இருப்பேன்.

இங்ஙனம்,
தங்கள் நெடுநாள் வாசகன்